திரைத்தமிழ் வளர்த்த இளங்கோவன்

திரைப்படத்தில் நடிப்பவரை நாடு அறியும். பாடுபவரை ஊர் அறியும். அவர்தம் நாவில் தவழும் சொற்களை எழுதியவரை அறிந்தோர் மிகச் சிலரே. மாளிகையின் எழிலைக் கண்டு வியப்போர், அதனைத் தாங்கி நிற்கும் அடிப்படைக் கற்களை எண்ணிப் பார்ப்பதில்லையன்றோ? எனினும், திரைப்படத்தின் உயிர்நிலைகளுள் ஒன்று உரையாடல் என்பதைத் தமிழ் மக்கள் உணருமாறு செய்த எழுத்தாளர் ஒருவர் வாழ்ந்தார். அவரே இளங்கோவன் ஆவார்.

அவருடைய இயற்பெயர் தணிகாசலம் என்பது. அவர் செங்கற்பட்டைச் சார்ந்தவர். இன்று சென்னையின் தென்புறநகர்களாய் விளங்கும் தாம்பரம், மேடவாக்கம் முதலிய ஊர்களும் அந்நாளில் செங்கற்பட்டு மாவட்டத்தில் அடங்கியிருந்தன. ஏரியும் வயலும் சூழ்ந்த அந்நாட்டிலே தோன்றிய தணிகாசலம், எழுத்தின்மீது பற்றுக்கொண்டு இதழுலகை நாடினார். 1933-ஆம் ஆண்டில் தோன்றிய ‘மணிக்கொடி’ என்னும் இதழ், எளிமையும் ஆற்றலும் வாய்ந்த புதிய தமிழ் உரைநடையை வளர்த்து வந்தது. அதனைச் சூழ்ந்திருந்த எழுத்தாளர் குழுவினரோடு அவருக்குத் தொடர்பு ஏற்பட்டது. சொல்லை அளந்தறிந்து ஆளும் திறம் அவரிடம் வேரூன்றியது.

தமிழில் பேசும் படம் 1931-ஆம் ஆண்டில் பிறந்தது. தொடக்க காலத்துப் படங்கள் பெரும்பாலும் மேடை நாடகங்களின் நிழல்களாகவே இருந்தன. ஒரு படத்தில் ஐம்பது பாடல்கள் வரையில் இடம்பெறுதலும் உண்டு. ஒரு பாட்டிற்கும் மற்றொரு பாட்டிற்கும் இடையே உள்ள வெளியை நிரப்புவதற்கே உரையாடல் பயன்பட்டது. அரசரும் அடியாரும் ‘பிராணநாதா’ என்றும் ‘ஸகியே’ என்றும் வடமொழி கலந்து பேசினர்; அடுத்த நொடியிலேயே அன்றாட வீட்டுப் பேச்சிற்கு இறங்கினர். மொழிக்கு ஓர் ஒழுங்கு இல்லை. பாத்திரத்திற்கும் பேச்சிற்கும் பொருத்தம் இல்லை.

இந்நிலையை மாற்றும் வாய்ப்பு, 1937-ஆம் ஆண்டில் வெளிவந்த ‘அம்பிகாபதி’ என்னும் படத்தின் வாயிலாக இளங்கோவனுக்குக் கிட்டியது. அதனை இயக்கியவர் அமெரிக்க நாட்டினராகிய எல்லிஸ் டங்கன். அவர் தமிழ் அறியாதவர். தலைமைப் பாத்திரத்தை ஏற்றவர் இசைவல்லுநர் எம்.கே. தியாகராச பாகவதர். கம்பரின் மகன் அம்பிகாபதியும் சோழன் மகள் அமராவதியும் கொண்ட காதலே கதை. இறைவன்மேல் நூறு பாடல் பாடினால் உயிர் பிழைக்கலாம் என்று அரசன் கூற, கடவுள் வாழ்த்தையும் சேர்த்து நூறாகிவிட்டதென்று எண்ணி, தொண்ணூற்றொன்பதோடு அவன் இறைவனை விடுத்துக் காதலியைப் பாடிவிட்டான் என்பது வழிவழி வரும் செய்தி. இக்கதையின் காதற்காட்சிக்கு, சேக்சுபியரின் ‘ரோமியோவும் ஜூலியட்டும்’ என்னும் நாடகத்தைத் துணையாகக் கொள்ள டங்கன் விரும்பினார். அதன் சுவையை உள்வாங்கிக்கொண்டு, தமிழ்க் காதலர் தமிழிலே பேசுவதாக எழுதிக் கொடுத்தார் இளங்கோவன். படம் பெருவெற்றி பெற்றது. மக்கள் பாட்டைக் கேட்டதோடு நில்லாமல், பேச்சையும் செவி சாய்த்துக் கேட்டனர்.

பின்னர், ‘திருநீலகண்டர்’, ‘அசோக்குமார்’ முதலிய படங்களுக்கும் அவர் உரையாடல் எழுதினார். எனினும், அவருடைய புகழை நிலைநாட்டியது 1942-ஆம் ஆண்டில் ஜூபிடர் நிறுவனத்தார் வெளியிட்ட ‘கண்ணகி’யே ஆகும். கோவலனாகப் பி.யு. சின்னப்பாவும், கண்ணகியாகக் கண்ணாம்பாவும் நடித்தனர்.

சிலப்பதிகாரம் ஏட்டிலிருந்து உ.வே. சாமிநாதையரால் 1892-இல் அச்சேறியது. புலவர்கள் அதனைப் போற்றிப் படித்தனர். ஆயினும், 1941-ஆம் ஆண்டில் இந்திய மக்களுள் எழுத்தறிந்தோர் நூற்றுக்கு இருபதின்மருக்கும் குறைவு. எழுத்தறியாத உழவரும் ஆலைத் தொழிலாளரும் அக்காப்பியத்தின் பெருமிதத்தை எங்ஙனம் உணர்வர்? அவர்கள் கோவலன் கதையை மேடை நாடகத்திலும் தெருப்பாட்டிலும் கேட்டிருந்தனர். ஆனால், அக்கதைக்கு உரிய தமிழைக் கேட்டிருக்கவில்லை. அதனை அவர்தம் செவிக்குக் கொண்டு சேர்ப்பதே இளங்கோவன் முன் நின்ற அரும்பணி. புலவர் நடையை அப்படியே பெய்தால் மக்களுக்கு விளங்காது. தெருப்பேச்சைப் பெய்தாலோ கண்ணகியின் மாண்பு குன்றும். இவ்விரண்டிற்கும் இடையே, செவிக்கு இனிதும் கருத்துக்குத் தெளிவும் ஆகிய ஒரு நடையை அவர் கண்டார். கையில் ஒற்றைச் சிலம்போடு பாண்டியன் அவையில் நிற்கும் காட்சியில் சொற்கள் சீறி எழுந்தன. கண்ணாம்பா தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்டவர். எனினும், அவ்வுரையை அவர் முழங்கியபோது தமிழகம் மெய்சிலிர்த்தது. காப்பியம் தந்தவர் இளங்கோவடிகள். அதற்குத் திரையில் நாவளித்தவர் இளங்கோவன். பெயரின் ஒற்றுமை எண்ணி மகிழத்தக்கதே.

அடுத்து, 1943-இல் ‘சிவகவி’யும், 1944-இல் ‘ஹரிதாஸ்’ஸும் அவர் எழுத்தோடு வந்தன. செல்வச் செருக்கால் பெற்றோரை இகழ்ந்த ஒருவன், கால்களை இழந்து வருந்தித் திருந்தி, அவர்க்குத் தொண்டு செய்வதே உயர்ந்த வழிபாடு என்று தெளிவதை ‘ஹரிதாஸ்’ எடுத்துக்காட்டியது. சென்னைப் பிராட்வே அரங்கில் அப்படம் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அதே ஆண்டில் வந்த ‘மகாமாயா’வோ ‘கண்ணகி’ போன்ற வெற்றியைப் பெறவில்லை. நல்ல தமிழ் மட்டும் ஒரு படத்தை வாழவைத்துவிடாது; கதையும் காட்சியும் அதனோடு இயைதல் வேண்டும். வெற்றியிலும் தோல்வியிலும் உரையாடலைக் கடைச்சரக்காகக் கருதாமல் கலைப்பொருளாகவே கருதியது இளங்கோவனது சிறப்பு.

அவர் இட்ட பாதையில் பின்வந்தோர் பலர் நடந்தனர். 1949-இல் அறிஞர் அண்ணாவின் ‘வேலைக்காரி’யும், 1952-இல் கலைஞர் மு. கருணாநிதி உரையாடல் எழுதிய ‘பராசக்தி’யும் வெளிவந்தபோது, சொல்லின் ஆற்றலுக்காகவே மக்கள் அரங்கங்களில் திரண்டனர். அடுக்குத் தொடரும் எதுகை மோனையும் அரசியற் கருத்தும் அவ்வெழுத்தில் புதியனவாய்ச் சேர்ந்தன. ஆயின், திரையில் தமிழைக் கேட்டுச் சுவைக்கும் செவியை முன்னரே பண்படுத்தி வைத்தோருள் இளங்கோவன் தலையாயவர்.

காலம் செல்லச் செல்ல, புதிய நடையும் புதிய எழுத்தாளரும் தோன்ற, இளங்கோவனின் பெயர் மக்கள் நினைவிலிருந்து மெல்ல மங்கியது. பாகவதரின் குரலை இன்றும் கேட்டு மகிழ்வோர் பலர். அவர் பேசிய சொற்களை ஆக்கியவரைக் கேட்டால் விடை கூறுவோர் அரியர். பிறர் வாயால் பேசி, தம் பெயரைப் பின்னே நிறுத்திக்கொள்வது உரையாடலாசிரியரின் தொழில். அத்தொழிலையே தமிழ்த் தொண்டாக ஆக்கிக் காட்டினார் இளங்கோவன். எழுதப் படிக்க அறியாதாரும் நல்ல தமிழைக் கேட்டு இன்புறலாம் என்று மெய்ப்பித்த அவரது பணி போற்றற்குரியதாகும்.