வேதாசலம் மறைமலை ஆனார்!

நாகப்பட்டினத்தில் 1876-ம் ஆண்டு பிறந்தவர் வேதாசலம். சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். பள்ளிப் படிப்பு பாதியில் நின்றது. ஆனால் அவர் படிப்பதை நிறுத்தவில்லை.

1898-ல் சென்னை கிறிஸ்தவக் கல்லூரியில் தமிழாசிரியர் ஆனார். திருத்தணியில் பிறந்த டாக்டர் ராதாகிருஷ்ணன் படித்ததும் அங்கேதான்.

இங்கிலாந்தின் ரெயினால்ட்ஸ் நாவல்களுக்கு அப்போது ஏக கிராக்கி! அவருடைய 'லைலா' கதையைத் தழுவி, 'குமுதவல்லி அல்லது நாகநாட்டரசி'யை வேதாசலம் எழுதினார். சீமைப் பெயர்கள் தமிழ்ப் பெயர்களாயின. 1911-ல் நூல் வந்தது.

அதே ஆண்டில் கல்லூரி வேலையை விட்டார். மாதச் சம்பளம் நின்றது. பேனா நிற்கவில்லை.

1916-ல் தனித்தமிழே எழுத உறுதி பூண்டார். வேதம் என்றால் மறை. அசலம் என்றால் மலை. வேதாசலம், மறைமலை அடிகள் ஆனார்!

1950-ல் காலமானார். அவர் சேர்த்த நூல்கள் அவர் பெயரிலேயே நூலகமாயின. படிப்பு பாதியில் நின்றவர் விட்டுச் சென்ற சொத்து அது!