எம். என். ஸ்ரீநிவாஸ்

எம். என். ஸ்ரீநிவாஸ் (நவம்பர் 16, 1916 - நவம்பர் 30, 1999) இந்தியாவின் புகழ்பெற்ற சமூகவியலாளரும் சமூக மானிடவியலாளரும் ஆவார். மைசூர் நரசிம்மாச்சார் ஸ்ரீநிவாஸ் என்பது இவரது முழுப்பெயர். விடுதலை பெற்ற இந்தியாவில் சமூகவியல் ஒரு கல்வித்துறையாக வேரூன்றுவதற்கு இவரது ஆய்வுகளும் ஆசிரியப்பணியும் பெரிதும் உதவின. சமஸ்கிருதமயமாதல், ஆதிக்க சாதி, வாக்கு வங்கி ஆகிய கருத்துருக்கள் இவரது எழுத்துக்களின் வழியாகப் பரவலாக அறியப்பட்டன.

பின்னணி

பிரித்தானிய ஆட்சிக் காலத்தில் இந்தியச் சமூகத்தைப் பற்றிய அறிவு பெரும்பாலும் இரண்டு வழிகளில் திரட்டப்பட்டது. ஒன்று, மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அறிக்கைகளும், எட்கார் தர்ஸ்டன் 1909 இல் ஏழு தொகுதிகளாக வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகளும் குடிகளும் பற்றிய நூல் போன்ற அரசு அலுவலர்களின் தொகுப்புக்களும் ஆகும். மற்றது, பழைய சமஸ்கிருத நூல்களைக் கொண்டு சமூகத்தை விளக்கும் முறையாகும். மேலைநாடுகளில் தம் சொந்தச் சமூகத்தை ஆராய்வது சமூகவியல் எனவும், குடியேற்ற நாடுகளின் மக்களை ஆராய்வது மானிடவியல் எனவும் பிரிக்கப்பட்டிருந்தது. ஒருவர் தம்முடைய சமூகத்தையே நேரில் கண்டு ஆராயும்போது இப்பிரிவினை பொருந்தாது என்பது ஸ்ரீநிவாஸ் வாழ்நாள் முழுவதும் வலியுறுத்திய கருத்தாகும்.

இளமையும் கல்வியும்

ஸ்ரீநிவாஸ் மைசூரில் தமிழ் பேசும் ஐயங்கார் குடும்பத்தில் பிறந்தார். இவர்களது வீட்டின் பின்புறச் சுவரிலிருந்து சில அடிகள் தொலைவில் பண்டிகேரி என்னும் பகுதி இருந்தது. அங்கே அருகிலுள்ள சிற்றூரிலிருந்து வந்து குடியேறிய குருபர் எனும் ஆட்டிடையர் சாதியினர் வாழ்ந்தனர். அவர்களது உணவும் பேச்சும் சடங்குகளும் தம் வீட்டு வழக்கங்களிலிருந்து முற்றிலும் வேறுபட்டிருந்ததைச் சிறுவயதிலேயே கண்டதாக இவர் பிற்காலத்தில் எழுதியுள்ளார்.

மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் சமூக மெய்யியலில் 1936 இல் பட்டம் பெற்ற பின்னர், பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் ஜி. எஸ். குர்யேயின் மாணவரானார். அங்கிருந்த சமூகவியல் துறை 1919 இல் பாட்ரிக் கெடிசால் தொடங்கப்பட்டது. மைசூரில் திருமணமும் குடும்பமும் குறித்து எழுதிய முதுகலை ஆய்வேடு 1942 இல் நூலாக வெளிவந்தது. தமிழ் நாட்டார் பாடல்களைப் பற்றி இவர் எழுதிய கட்டுரையொன்று 1943 இல் பம்பாய்ப் பல்கலைக்கழக இதழில் வெளியானது. குர்யேயின் வழிகாட்டுதலில் கூர்க் மக்களைப் பற்றிய ஆய்வுக்கு 1944 இல் முனைவர் பட்டம் பெற்றார்.

1945 இல் ஆக்ஸ்போர்டுக்குச் சென்ற ஸ்ரீநிவாசுக்கு முதலில் ராட்கிளிஃப்-பிரௌனும், அவர் ஓய்வு பெற்றபின் எவன்ஸ்-பிரிட்சார்டும் வழிகாட்டினர். சமயச் சடங்குகள் ஒரு சமூகத்தின் உறுப்பினரை எவ்வாறு ஒன்றாகப் பிணைக்கின்றன என்ற நோக்கில், முன்பு திரட்டிய கூர்க் தரவுகளையே இவர் மீண்டும் ஆராய்ந்தார். 1947 இல் ஆக்ஸ்போர்டிலும் முனைவர் பட்டம் பெற்றார். இவ்வாய்வு 1952 இல் தென்னிந்தியக் கூர்க் மக்களின் சமயமும் சமூகமும் பற்றிய நூலாக வெளியிடப்பட்டது.

ராம்புரா கள ஆய்வு

ஆக்ஸ்போர்டில் இந்தியச் சமூகவியல் விரிவுரையாளராக நியமிக்கப்பட்ட ஸ்ரீநிவாஸ், முதலாண்டைக் களப்பணியில் கழிக்க இசைவு பெற்றார். 1948 இல் மைசூர் அருகே சுமார் 1,500 மக்கள் வாழ்ந்த ஒரு கிராமத்தில் தங்கினார். அவ்வூருக்கு இவர் இட்ட மாற்றுப்பெயர் ராம்புரா என்பதாகும். கன்னடம் அறிந்திருந்ததால் இவருக்கு மொழிபெயர்ப்பாளர் தேவைப்படவில்லை. ஊர்த்தலைவருக்குச் சொந்தமான, மாடுகள் கட்டப்பட்ட வீடு ஒன்றில் தங்கி, உழவு, கடன், வழக்கு, திருவிழா, சாதிப் பஞ்சாயத்து ஆகியவற்றை நாள்தோறும் பதிவு செய்தார். 1952 இல் மீண்டும் அங்கு சென்றார்.

இந்தியக் கிராமங்கள் தன்னிறைவு கொண்ட சிறு குடியரசுகள் என்ற கருத்து 1830 இல் சார்ல்ஸ் மெட்காஃப் எழுதிய குறிப்பிலிருந்து பரவி, பின்னர் தேசியவாதிகளாலும் ஏற்கப்பட்டது. கிராமங்கள் திருமண உறவு, சந்தை, வரி, யாத்திரை என்பவற்றால் வெளியுலகோடு எப்போதும் தொடர்பு கொண்டிருந்தன என ஸ்ரீநிவாஸ் காட்டினார். மறுபுறம், கிராமம் என்பது சமூகவியல் நோக்கில் உண்மையான அலகே அன்று எனும் லூயி டுமோனின் கருத்தையும் இவர் 1975 இல் எழுதிய கட்டுரையில் மறுத்தார்.

கருத்துருக்கள்

தாழ்நிலையில் வைக்கப்பட்ட சாதிகள் உயர்சாதியினரின் உணவு, சடங்கு, வழிபாடு முதலியவற்றை மேற்கொண்டு, ஓரிரு தலைமுறைகளில் உயர்ந்த நிலையைக் கோருவதையே இவர் சமஸ்கிருதமயமாதல் என அழைத்தார். முதலில் இதனைப் பிராமணமயமாதல் எனக் குறிப்பிட்டார். எனினும், பின்பற்றப்படும் முன்மாதிரி எல்லா இடங்களிலும் பிராமணராக இருப்பதில்லை என்பதால் சொல்லை மாற்றினார். சாதியமைப்பு அசைவற்றது என்ற எண்ணத்தை இக்கருத்துரு கேள்விக்குள்ளாக்கியது. ஆயினும், இவ்வாறு மாறுவது ஒரு சாதியின் இடமேயன்றி அமைப்பு அன்று என்பதையும் இவர் சுட்டிக்காட்டினார். அச்சு, தொடர்வண்டி போன்ற மேலைநாட்டு வருகைகள் சமஸ்கிருதமயமாதலை விரைவுபடுத்தின என்பதும் இவரது முடிவாகும்.

நூல்கள் கூறும் நால்வருணப் படிநிலைக்கும் ஊரில் நிலவும் அதிகாரத்துக்கும் உள்ள வேறுபாட்டை ஆதிக்க சாதி என்னும் கருத்துரு விளக்குகிறது. ராம்புராவில் அதிகாரம் ஒக்கலிகர் எனும் உழவர் சாதியிடமே இருந்தது. எண்ணிக்கை, நிலவுடைமை, அரசியல் வலிமை ஆகியனவும், சடங்குநிலையில் மிகத் தாழ்ந்திராமையும் ஆதிக்கத்துக்கு அடிப்படைகளாகும். கிராமத் தலைவர்கள் தம்மைச் சார்ந்தோரின் வாக்குகளை மொத்தமாகத் திரட்டித் தருவதைக் குறிக்க, 1955 இல் வெளியான கட்டுரையில் வாக்கு வங்கி என்ற சொல்லைப் பயன்படுத்தினார்.

1957 இல் கல்கத்தாவில் நடைபெற்ற இந்திய அறிவியல் மாநாட்டில், மானிடவியல் பிரிவின் தலைமையுரையில் புதிய இந்தியாவில் சாதியின் நிலையை இவர் ஆராய்ந்தார். விடுதலையும் மக்களாட்சியும் சாதியைத் தாமாகவே அகற்றிவிடும் என்ற நம்பிக்கை அன்று படித்தோரிடையே நிலவியது. மாறாக, தேர்தல் அரசியல் சாதிக்குப் புதிய வலிமையைத் தருகிறது என்பது இவரது வாதமாகும்.

கல்விப்பணி

1951 இல் பரோடா பல்கலைக்கழகத்தில் சமூகவியல் பேராசிரியரானார். 1959 இல் டில்லி பொருளியல் பள்ளியில் சமூகவியல் துறையைத் தொடங்கினார். சமூகவியலையும் சமூக மானிடவியலையும் பிரிக்காமல் கற்பித்தலும், மாணவரைக் களத்துக்கு அனுப்புதலும் இத்துறையின் சிறப்பியல்புகளாயின. இங்கு இவரது வழிகாட்டுதலில் ஆய்வு செய்த ஆந்த்ரே பெத்தேய், தஞ்சாவூர் மாவட்டக் கிராமமொன்றைப் பற்றி எழுதிய நூல் 1965 இல் வெளிவந்தது. 1972 இல் பெங்களூர் திரும்பிய ஸ்ரீநிவாஸ், வி. கே. ஆர். வி. ராவ் நிறுவிய சமூக, பொருளாதார மாற்றத்துக்கான நிறுவனத்தில் பணியாற்றினார்.

தீயும் நினைவும்

1970 இல் அமெரிக்காவின் ஸ்டான்போர்டில் உள்ள உயராய்வு மையத்தில் தங்கி ராம்புரா பற்றிய நூலை எழுதத் தொடங்கியிருந்தார். அவ்வாண்டு ஏப்ரலில் அம்மையத்துக்குச் சிலர் தீவைத்தனர். பதினெட்டு ஆண்டுகளாக வகைப்படுத்தி வைத்திருந்த களக்குறிப்புகளின் மூன்று படிகளும் அதில் எரிந்தன. மானிடவியலாளர் சோல் டாக்ஸ் கூறிய யோசனையை ஏற்று, நினைவிலிருந்தே நூலை எழுதினார். நினைவில் நிற்கும் கிராமம் எனப் பொருள்படும் ஆங்கிலத் தலைப்புடன் அது 1976 இல் வெளிவந்தது. அட்டவணைகளுக்கு மாறாக மனிதர்களை முன்னிறுத்தும் இந்நூலே இவரது நூல்களுள் மிகுதியாக வாசிக்கப்பட்டது.

விமர்சனங்கள்

பிராமணரான ஸ்ரீநிவாஸ் ஊர்த்தலைவரின் விருந்தினராகத் தங்கியதால், கிராமத்தை நிலவுடைமையாளரின் பார்வையிலேயே கண்டார் என விமர்சிக்கப்படுகிறது. தலித் மக்களையும் பெண்களையும் போதிய அளவு நெருங்க இயலவில்லை என்பதை அவரே ஒப்புக்கொண்டுள்ளார். ஒடுக்கப்பட்டோர் மேலோரைப் பின்பற்றுவதை மட்டும் முதன்மைப்படுத்தினால், சாதியை மறுத்து எழுந்த இயக்கங்களின் பங்கு மங்கிவிடும் என்பது மற்றொரு விமர்சனமாகும். எனினும், சமூக மாற்றம் பற்றி 1966 இல் வெளியான நூலில் சென்னை மாகாணப் பிராமணரல்லாதார் இயக்கத்தையும் இவர் ஆராய்ந்துள்ளார். சொந்தச் சமூகத்தை ஆராய்பவர் அச்சமூகத்தில் தமக்குள்ள இடத்தையும் ஆராய வேண்டும் என்ற கருத்து வலுப்பெற இவ்விவாதங்கள் உதவின.

விருதுகளும் மறைவும்

இவருக்கு 1976 இல் ஹக்ஸ்லி நினைவுப் பதக்கம் அளிக்கப்பட்டது. அதனையொட்டிய சொற்பொழிவில் இந்தியப் பெண்களின் மாறிவரும் நிலையைப் பற்றிப் பேசினார். இந்திய அரசு 1977 இல் பத்ம பூஷண் விருது வழங்கியது. இறுதிக் காலத்தில் பெங்களூரிலுள்ள தேசிய உயராய்வு நிறுவனத்தில் பேராசிரியராக இருந்தார். இருபதாம் நூற்றாண்டில் சாதி கொண்ட புதிய வடிவங்களைப் பற்றி இவர் பதிப்பித்த கட்டுரைத் தொகுப்பு 1996 இல் வெளிவந்தது. நவம்பர் 30, 1999 அன்று தமது 83 ஆவது வயதில் பெங்களூரில் காலமானார்.