களத்தில் ஓர் ஆசிரியர்: றோய் பிரான்சிஸ்

நம் நாட்டார் றகர் என்று வழங்கும் பந்தாட்டத்துக்கு இரு கிளைகள் உண்டென்பதை என் மாணவருட் பலர் அறியார். கொழும்பிலும் கண்டியிலும் பெரிதும் ஆடப்படுவது பதினைவர் ஆடும் கிளை. மற்றையது பதின்மூவர் ஆடுவது. றக்பி லீக் எனப் பெயர் பெற்றது. அது பிறந்த கதை கூலியைப் பற்றிய கதையாகும். வட இங்கிலாந்தின் சுரங்கங்களிலும் ஆலைகளிலும் உழைத்தோர் ஆட்டத்துக்காக வேலையை விட்டுச் சென்றால் அந்நேரத்துக் கூலியை இழந்தனர். அவ்விழப்பை ஈடுசெய்ய வேண்டுமென்று வடபகுதிக் கழகங்கள் கேட்டன. ஆட்டத்தை ஆண்ட கனவான்கள் மறுத்தனர். 1895 ஆம் ஆண்டு ஹடர்ஸ்பீல்ட் நகரத்து விடுதி ஒன்றிற் கூடி, வடவர் தனி வழி சென்றனர். பணம் பெற்று ஆடியவர் பதினைவர் களத்தை மீண்டும் மிதித்தலாகாது என்ற விலக்கு நூறாண்டு நின்று, 1995 இலேதான் நீங்கியது.

இவ்விலக்கின் நிழலிலே தொடங்கியது றோய் பிரான்சிஸ் என்பாரின் ஆட்ட வாழ்வு. பந்தாட்டப் பயிற்றுநர் ஒருவரைப் பற்றித் தமிழ்ப் பண்டிதன் எழுதுவது எற்றுக்கு என்பார்க்கு ஒரு சொல். நல்லாசிரியர்க்கு உவமை கூறப் புகுந்த நன்னூலார் நிலத்தை முதலில் வைத்தார். நிலத்தின் குணங்களுட் பொறையைப் போற்றினார். அப்பொறையை நான் ஏட்டிற் கற்றேன். இவர் வாழ்க்கையைப் படித்தபோதுதான் அதன் விலை இன்னதென்று எனக்கு விளங்கியது.

அவர் 1919 இல் வேல்ஸ் நாட்டுக் காடிவ் நகரிற் பிறந்து, இரும்பும் நிலக்கரியும் வளர்த்த பிறின்மோர் என்னும் சிற்றூரில் வளர்ந்தார். கறுப்பினத்தவர் மிகச் சிலரே வாழ்ந்த ஊர் அது. 1930 களிலே வேலையின்மை அவ்வூரை வாட்டியது. வேகமும் உடல்வலியும் உள்ள வேல்ஸ் இளைஞர் வடக்கே சென்று பணத்துக்கு ஆடுவது அக்காலத்தில் வழமையாகிவிட்டது. பிரான்சிஸும் 1936 இல், பதினேழு வயதில், விகன் கழகத்தைச் சேர்ந்தார். அங்கே அவர்க்கு ஆட வாய்த்த ஆட்டங்கள் சில. 1939 சனவரியிற் பரோ கழகத்துக்கு மாறினார். கரைக்கோட்டை ஒட்டி ஓடும் விங் ஆட்டக்காரராக அவர் புகழ் பெற்றது அங்கேதான். பின்னர் உலகப் போர் மூண்டது. இராணுவத்திற் பணியாற்றிய காலத்திற் பதினைவர் ஆட்டத்தையும் ஆடினார். படைவீரரைப் பொறுத்தமட்டில் அந்த விலக்குத் தளர்த்தப்பட்டிருந்தது. பீரங்கி முழங்கியபோது திறந்த கதவு அமைதி வந்ததும் மூடிக்கொண்டது. மனிதர் வகுத்த ஆசாரங்களின் இயல்பு அது போலும்!

1946 ஆம் ஆண்டு, போர் முடிந்தபின் முதன்முறையாகப் பிரித்தானிய லீக் அணி அவுஸ்திரேலியாவுக்குப் புறப்பட்டது. பயணக் கப்பல் கிடையாமையால் இன்டொமிற்றபிள் என்னும் விமானந்தாங்கிப் போர்க்கப்பலில் ஏறிச் சென்றனர். தலைவர் கஸ் றிஸ்மன். அவரும் காடிவ் நகரிற் பிறந்தவரே. அவ்வணி தொடரை வென்றது. அத்தொடரில் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை. வரலாற்றிலே அக்கப்பலின் பெயரே அவ்வணிக்கும் பெயராயிற்று. ஆனால் அக்கப்பலிற் பிரான்சிஸ் இல்லை. ஆட்டத்திற் குறை கண்டு அவரை விட்டாரில்லை. வெள்ளையர் அல்லாதார் குடியேறுவதை 1901 முதற் சட்டத்தால் தடுத்திருந்த நாடு அவுஸ்திரேலியா. அங்கே கறுப்பினத்தவர் ஒருவரை அழைத்துச் சென்றாற் சங்கடம் நேருமெனத் தேர்வாளர் கருதினர் என்பதே அவ்வாட்டத்தின் வரலாற்றை எழுதினோர் கூறுவது. விருந்துக்கு அழைத்தவன் முகங்கோணுவான் என்றஞ்சி, வீட்டார் தம் பிள்ளையையே திண்ணையில் இருத்திவிட்டுச் சென்றது போன்றது அச்செயல். தடை விதித்தவன் குற்றம் ஒன்று. விதிக்குமுன்னே பணிந்தவன் குற்றம் வேறொன்று. பின்னதையே நான் பெரிதென்பேன்.

அடுத்த ஆண்டு, 1947 இல், நியூசிலாந்து அணி இங்கிலாந்து வந்தபோது பிரான்சிஸுக்கு இடம் கிடைத்தது. பிரித்தானிய லீக் அணியில் ஆடிய முதற் கறுப்பினத்தவர் அவரே. அன்று எல்லைக்கோட்டுக்கு அப்பாற் பந்தை இருமுறை ஊன்றி, இரண்டு ட்றை பெற்றார். அதன்பின் அவரை அவ்வணிக்கு ஒருபோதும் அழைத்தாரில்லை.

பிறர் இங்கே மனங்கசந்து ஒதுங்கியிருப்பர். இவரோ பயிற்றத் தொடங்கினார். வொறிங்ரனில் ஆடியபின் 1949 இல் ஹல் கழகத்துக்கு வந்து, சிறிது காலத்தில் அங்கேயே ஆடுபவரும் பயிற்றுபவருமாக ஆயினார். 1955 இல் ஆட்டத்தை விட்டுப் பயிற்றலை மட்டும் மேற்கொண்டார். பிரித்தானியாவிலே தொழில்முறை அணி ஒன்றைப் பயிற்றிய முதற் கறுப்பினத்தவர் இவரென்பர். அக்காலத்துப் பயிற்றுநர் பலர்க்குத் தெரிந்ததெல்லாம் மைதானத்தைச் சுற்றி ஓடவிடுவதும் அதட்டுவதுமே. பிரான்சிஸ் ஆட்டங்களைப் படச்சுருளில் எடுத்து வீரர்க்குக் காட்டினார். ஒவ்வொருவர் உடலுக்கும் ஏற்ற பயிற்சியை வகுத்தார். மன இயல்பு நூல்களிற் கண்டதைக் களத்துக்குக் கொணர்ந்தார். அவற்றினும் நான் வியப்பது வேறொன்று. வீரர்தம் மனைவியரையும் மக்களையும் அவர் கருத்திற் கொண்டார். ஆட்டங்காண அவர்கள் வருவதற்கு ஊர்தி ஒழுங்கு செய்தார். வீட்டிலே மனஞ்சலித்திருப்பவன் களத்தில் முழுமனத்தோடு ஆடான் என்பதை அவர் உணர்ந்திருந்தார். முதல்நாள் இரவு உண்டானா என்று கேளாமற் பிள்ளையை நோக்கிப் பாடம் ஏன் ஒப்புவிக்கவில்லை என்று கேட்கும் நம்மனோர் இதனைச் சற்று நின்று நினைத்தல் தகும்.

ஹல் 1956 இலும் 1958 இலும் சம்பியன் பட்டம் வென்றது. முதல் வெற்றி ஹலிபாக்ஸ் அணியை 10 க்கு 9 என்ற கணக்கில், ஒரே புள்ளியாற் பெற்றது. இடையே 1957 இல் ஓல்டம் அணியிடம் அதே ஒரு புள்ளியால் இழந்ததும் உண்டு. 1959, 1960 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் வெம்பிளியில் நடந்த கிண்ண இறுதியாட்டங்களில் ஹல் பெருந்தோல்வி அடைந்தது.

1963 இல் லீட்ஸ் கழகத்துக்குச் சென்றார். அங்கே 1968 மே மாதத்தில், வேக்பீல்ட் அணிக்கு எதிரான வெம்பிளி இறுதியாட்டத்தில் நேர்ந்ததைப் பலர் இன்றும் பேசுவர். மழை கொட்டி மைதானம் குளமாயிற்று. வழுக்கி விழுந்தவர் நீரில் மிதப்பவர் போற் சென்றனர். முடிவு நெருங்கும் வேளையில் லீட்ஸ் 11, வேக்பீல்ட் 7. வேக்பீல்ட் ஒரு ட்றை பெற்று 10 ஆக்கியது. கம்பங்களுக்கு நேரே பந்து. உதைத்தால் இரண்டு புள்ளி, வெற்றி. உதைக்க நின்றவர் டொன் பொக்ஸ். அன்றைய ஆட்டத்திற் சிறந்தவர் எனப் பரிசுக்குத் தேர்வானவரும் அவரே. பந்து வழுவிப் பக்கத்தே சென்றது. கிண்ணம் லீட்ஸுக்கு ஆயிற்று. லீட்ஸ் பெற்ற 11 புள்ளிகளில் எட்டு, பெவ் றிஸ்மன் என்பாரின் காலால் வந்தவை. அவர் யார்? 1946 இற் கப்பலேறிச் சென்ற அணியின் தலைவர் கஸ் றிஸ்மனின் மைந்தர். தந்தையோடு செல்லப் பெறாதவர் மைந்தரைப் பயிற்றி வென்றார்.

அதன்பின் பிரான்சிஸ் எந்த நாட்டுக்கு அனுப்பப்படாது நின்றாரோ அந்நாட்டுக்கே பயிற்றுநராகச் சென்றார். 1969, 1970 ஆகிய ஆண்டுகளில் வட சிட்னிக் கழகம் அவர் பொறுப்பில் இருந்தது. ஆங்கு வெற்றி வாய்க்கவில்லை. நிறம்பற்றிய இழிசொல் வாய்த்தது. மீண்டு வந்து ஹல், லீட்ஸ், பிராட்போட் என மூன்று கழகங்களிற் பணிபுரிந்தார். 1975 இல் அவர்கீழ் லீட்ஸ் பிரிமியர்ஷிப் கிண்ணம் வென்றது. 1989 இற் காலமானார்.

மாணவரைக் கூறாது ஆசிரியரைக் கூறல் நிறைவாகாது. ஹல் நகரத்து இளைஞர் ஜொனி வைற்லி அவரிடம் ஆடிப் பயின்று, பின்னர் தாமே பிரித்தானிய அணியைப் பயிற்றி 1970 இல் அவுஸ்திரேலியாவில் தொடரை வென்றார். மற்றொருவர் கிளைவ் சலிவன். சிறுவயதிற் கால்களிற் சத்திர சிகிச்சை பல செய்யப்பெற்ற காடிவ் நகரத்துக் கறுப்பின இளைஞர். 1961 இல், பிரான்சிஸ் பயிற்றிய காலத்தில், புனைபெயரோடு வந்து ஹல் அணிக்காக ஒரு சோதனை ஆட்டம் ஆடினார். மறுநாளே கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. 1972 இல் உலகக் கிண்ணம் வென்ற பிரித்தானிய அணிக்கு அவரே தலைவர். ஹல் நகருட் செல்லும் பெருஞ்சாலை 1985 முதல் சலிவன் பெயரைத் தாங்கி நிற்கின்றது. பிரான்சிஸுக்குச் சிலை எழுந்தது 2023 இல், இறந்து முப்பத்து நான்கு ஆண்டு கழித்து. அது வென்ற நகரங்களில் எழவில்லை. வளர்ந்த பிறின்மோர் ஊரில் எழுந்தது.