படத்தைக் காதால் கேட்ட சிறுவன்



சினிமாவை நாம் கண்ணால் பார்க்கிறோம். ஆனால், பல ஆண்டுகள் சினிமாவைக் காதால் மட்டுமே கேட்டு வளர்ந்த ஒரு சிறுவன், பின்னாளில் புகழ்பெற்ற திரைப்பட இயக்குநர் ஆனான் என்றால் நம்புவீர்களா?

உலக வரைபடத்தை எடுங்கள். ஆப்பிரிக்காவின் மேற்கு ஓரத்தில் செனகல் நாடு தெரிகிறதா? அதன் தலைநகர் டாக்கர். அந்நகரை ஒட்டிய கொலோபானில் 1945ஆம் ஆண்டு பிறந்தவர் ஜிப்ரில் டியோப் மாம்பெட்டி. தந்தை இஸ்லாமிய மதகுரு.

கொலோபானில் ஒரு திறந்தவெளித் திரையரங்கு இருந்தது. எட்டு வயது ஜிப்ரில், இரவில் வெளியே போகக்கூடாது என்ற வீட்டுக் கட்டளையை மீறி, நண்பர்களோடு அங்கே ஓடிவிடுவார். (நீங்கள் அப்படிச் செய்யாதீர்கள்!) டிக்கெட் வாங்கக் காசு ஏது? அதனால் வெளியே நின்றபடி வசனத்தையும் பாட்டையும் கேட்பார்கள். அங்கே ஓடியவை பெரும்பாலும் கௌபாய் படங்களும் நம் நாட்டு இந்திப் படங்களும்தான்!

வளர்ந்ததும் டாக்கரில் உள்ள டேனியல் சொரானோ தேசிய நாடக அரங்கில் நடிகரானார். ஆனால், கட்டுப்பாட்டுக்கு அடங்கவில்லை என்று அவரை வெளியேற்றிவிட்டார்கள். அவர் சோர்ந்து போகவில்லை. திரைப்படப் பள்ளி எதிலும் படிக்காமலேயே படம் எடுக்கத் தொடங்கினார்.

1973இல் வந்தது 'டூக்கி பூக்கி'. அவர்களுடைய வோலோஃப் மொழியில் 'கழுதைப்புலியின் பயணம்' என்று பொருள். மாட்டுக் கொம்பு கட்டிய மோட்டார் சைக்கிளில் சுற்றும் ஓர் இளைஞனும் அவன் தோழியும் பாரிசுக்குப் போகத் துடிக்கும் கதை. அந்தப் படம் 2008இல் புதுப்பிக்கப்பட்டு, இன்றும் உலகெங்கும் பார்க்கப்படுகிறது.

அடுத்த முழுநீளப் படத்துக்கு 19 ஆண்டுகள் ஆயின! 1992இல் வெளியான 'கழுதைப்புலிகள்' படத்தை இயக்கியதோடு, அதில் அவரே நடித்தும் இருந்தார். கேன்ஸ் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் அது இடம்பெற்றது.

அவருடைய கடைசிப் படம் உங்களுக்கு மிகவும் பிடிக்கும். அதன் பெயர் 'சூரியனை விற்ற சிறுமி'. ஊன்றுகோல் ஊன்றி நடக்கும் சிலி என்ற சிறுமி, கண் தெரியாத பாட்டியோடு வாழ்கிறாள். டாக்கர் தெருக்களில் செய்தித்தாள் விற்பவர்கள் எல்லாம் பையன்கள். அவர்களால் முடிந்தது என்னால் முடியாதா என்று அவளும் விற்கப் புறப்படுகிறாள். அவள் விற்ற நாளிதழின் பெயர் 'சூரியன்'! பையன்கள் ஊன்றுகோலைப் பறிக்கும்போது, ஒரு நல்ல நண்பன் அவளை முதுகில் சுமந்து செல்கிறான்.

இந்தப் படம் திரைக்கு வரும் முன்பே, 1998 ஜூலையில், நுரையீரல் புற்றுநோயால் மாம்பெட்டி பாரிசில் காலமானார். அப்போது அவருக்கு வயது 53. தெருவோரக் குழந்தைகளின் துணிச்சலைப் போற்றும் அந்தப் படம் மறு ஆண்டு வெளிவந்தது.

தம் படங்களில் ஒலிக்கு அவர் பெரிய இடம் கொடுத்தார். டிக்கெட் வாங்க முடியாத அந்தச் சிறுவயது ஏழ்மை கொடுத்த பாடம் அது! இல்லாததை நினைத்து ஏங்காமல், கிடைத்ததை அவர் தம் பலமாக்கிக்கொண்டார்.

அடுத்த முறை படம் பார்க்கும்போது, இரண்டு நிமிடம் கண்ணை மூடிக் கேட்டுப் பாருங்கள். உங்கள் மனத்திரையில் ஒரு புதுப்படம் ஓடும்!