ரகுபதி வெங்கையா

பிற மொழி வழங்கும் நகரில் குடியேறி, அங்கேயே தொழில் தொடங்கி, அங்கேயே வாழ்ந்து மறைந்தவர்களின் வரலாறு நம் சங்கத்து அன்பர்களுக்குத் தனியாக எடுத்துரைக்க வேண்டிய ஒன்றன்று. நாம் அனைவரும் அவ்வழியில் வந்தவர்களே. ஆயினும் நாம் தமிழகத்தை விட்டு வெளியே வந்தோம். ரகுபதி வெங்கையா நாயுடுவோ தமிழர் நகரமாகிய சென்னையை நாடி வந்தார். தெலுங்குத் திரைப்படத்தின் தந்தை என்று ஆந்திர மக்கள் போற்றும் அப்பெரியாரைச் சென்னைவாசிகளே மறந்துவிட்டனர் என்பதால், இம்மலரில் அவரைச் சிறிது நினைவுகூர விழைகின்றோம்.

1869-ஆம் ஆண்டில் மசூலிப்பட்டினத்தில் பிறந்தவர் வெங்கையா. இளமையிலேயே சென்னைக்கு வந்து, மவுண்ட் ரோடில் புகைப்பட நிலையம் ஒன்றை நிறுவி நல்ல பெயரும் வருவாயும் பெற்றார். அத்துடன் நின்றிருந்தால் கவலையற்ற செல்வராக வாழ்ந்திருப்பார். ஆனால் அசையாத படத்தில் மனநிறைவு கொள்ளும் இயல்பு அவருக்கில்லை. சலனப்படத்தோடு இசைத்தட்டையும் ஒருங்கே இயக்கி, படம் பேசுவது போலக் காட்டும் க்ரோனோமெகாபோன் என்னும் கருவியைப் பற்றி அவர் அறிந்தார். பிரெஞ்சு நாட்டு கோமோன் கம்பெனியார் செய்த அக்கருவியின் விலை ரூ. 30,000. ஒரு பவுன் தங்கத்தைப் பதினைந்து ரூபாய்க்குக் கொண்டிருந்த காலம் அது! வெங்கையா தம் புகைப்பட நிலையத்தையே ஈடு வைத்துப் பணம் திரட்டி, 1910-ஆம் ஆண்டளவில் அதனை வரவழைத்தார்.

சென்னையில் முதலில் காட்டினார். பின்னர்க் கூடாரத்தையும் கருவியையும் சுமந்துகொண்டு ஊர் ஊராகப் புறப்பட்டார். பெங்களூர், விஜயவாடா முதலிய நகரங்களைக் கடந்து இலங்கைக்கும் பர்மாவுக்கும் சென்றார். கடனைத் தலைமேல் வைத்துக்கொண்டு கடல் கடந்த அத்துணிவை வியப்பதா, அஞ்சுவதா என்று நமக்குத் தோன்றவில்லை.

சுற்றுப்பயணம் முடிந்து திரும்பியதும் நிலையான கொட்டகை அமைக்க எண்ணினார். 1914-ஆம் ஆண்டில் மவுண்ட் ரோடை அடுத்து அவர் கட்டிய கெயிட்டி, சென்னையில் இந்தியர் ஒருவர் கட்டிய முதல் சினிமா அரங்கு என்னும் பெருமைக்குரியது. அதன்பின் தங்கசாலைத் தெருவில் கிரவுன், புரசைவாக்கத்தில் குளோப் என மேலும் இரண்டு எழுந்தன. குளோப் அரங்கைப் பிற்காலத்தார் ராக்ஸி என்னும் பெயரால் அறிவர்.

பிறர் எடுத்த படங்களைக் காட்டிப் பொருள் ஈட்டுவதோடு அவர் அமைதி அடையவில்லை. நம் நாட்டுக் கதைகளை நாமே படமாக்க வேண்டும் என்னும் வேட்கை அவரைப் பற்றிக்கொண்டது. மைந்தர்களைப் பாரிஸ்டர் படிப்புக்குச் சீமைக்கு அனுப்புவதே செல்வர்களின் வழக்கமாயிருந்த நாளில், தம் மகன் பிரகாஷைச் சினிமாத் தொழில் பயில அனுப்பினார். சுற்றத்தார் நகைத்திருக்கக்கூடும். இலண்டனிலும் ஜெர்மனியிலும் அமெரிக்காவிலும் தொழிலின் நுட்பங்களைக் கண்டறிந்து திரும்பினார் பிரகாஷ்.

தந்தையும் மகனும் சேர்ந்து 'ஸ்டார் ஆஃப் தி ஈஸ்ட்' என்னும் படக் கம்பெனியைத் தொடங்கினர். புரசைவாக்கத்தில், பகலவன் ஒளியைக் கொண்டே படம் பிடிப்பதற்கேற்பக் கண்ணாடியாலான படப்பிடிப்பு நிலையம் ஒன்றை நிறுவினர். 1921-இல் வெளிவந்த 'பீஷ்ம பிரதிக்ஞை' அவர்களின் தலையாய படைப்பு. பிரகாஷே அதனை இயக்கிப் பீஷ்மராகவும் நடித்தார். கங்கையாக நடித்தவர் ஓர் ஆங்கில மாது. பெண்கள் திரையில் தோன்ற முன்வராத காலமாதலின் வேறு வழியில்லை போலும். தெலுங்கர்கள் இதனைத் தம் முதற்படமாகக் கொள்வர். எனினும் மௌனப்படத்துக்கு ஏது மொழி? காட்சிகளுக்கிடையே தோன்றும் எழுத்துக்களை அறிந்தவர் வாசிக்க, அறியாதவர் கேட்க, தமிழரும் தெலுங்கரும் ஒரே கொட்டகையில் அருகருகே அமர்ந்து கண்டுகளித்தனர். இந்நிலையத்தில் தொழில் கற்ற சி. புல்லய்யா, பின்னாளில் 1934-இல் 'லவகுச'வைப் பேசும்படமாக எடுத்துத் தெலுங்கு நாடெங்கும் புகழ் பெற்றார்.

ஆனால் கலை வளர்ந்த அளவுக்குக் கணக்கு வளரவில்லை. படமெடுக்கச் செலவிட்ட பொருள் திரும்பவில்லை. அரும்பாடுபட்டுக் கட்டிய அரங்குகள் கைமாறின. 1932-இல் முதல் தெலுங்குப் பேசும்படமான 'பக்த பிரகலாதா' வெளிவந்தபோது, அதனை உருவாக்கிய இடம் பம்பாய், எடுத்தவர் எச். எம். ரெட்டி. ஏறத்தாழ இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன்பே படத்தோடு ஒலியைச் சேர்த்துச் சென்னைக்குக் காட்டிய வெங்கையாவுக்கு அதில் பங்கேதும் இல்லை. அவ்வாண்டில் அவருக்கு வயது அறுபத்து மூன்று.

1941-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் அவர் காலமானார். ஆந்திர அரசு, திரைத்துறையில் வாழ்நாள் முழுதும் தொண்டாற்றியவர்க்கு அவர் பெயரால் விருதளிக்க 1980-இல் முற்பட்டது. கெயிட்டி, கிரவுன், ராக்ஸி மூன்றும் இன்று இல்லை. அவை நின்ற தெருக்களின் வழியே நம்மில் பலர் விடுமுறைதோறும் ஊர் செல்லும்போது நடந்துபோகிறோம்.