மோதிரம் யார் கையில்?



ஜெபத்திற்கு வருகிறவர்களில் பலபேர் என்னிடத்தில் முதலாவது சொல்லுவது தங்கள் சொப்பனத்தைத்தான். வெள்ளை வஸ்திரம் போட்ட ஒருத்தர் வந்து நின்னாரு, முகம் தெரியலை என்பார் ஒருவர். முகத்தை மூடின ஒரு ஆள் வாசல்கிட்டயே நின்னான் என்பார் இன்னொருவர். அது யாரு பாஸ்டர், என்ன அர்த்தம் என்று கேட்பார்கள். சிலர் வருவதற்கு முன்பே அர்த்தத்தையும் முடிவுபண்ணிவிடுகிறார்கள். முகம் மூடின ஆள் என்றால் நாத்தனார் வைத்த செய்வினை என்று சொல்லி, அந்த வீட்டுப் படியை மிதிக்கிறதையே நிறுத்திவிடுகிறார்கள். ஒரு சொப்பனத்தினால் ஒரு குடும்பம் உடைந்துபோகிறது! இது ஆவியானவருடைய வேலைதானா? யோசித்துப் பாருங்கள்.

கர்த்தர் சொப்பனத்தின் மூலமாய்ப் பேசுகிறாரா? பேசுகிறார். யோசேப்போடும் தானியேலோடும் பேசினவர் இன்றைக்கும் பேசுகிறார். ஆனால் அலைச்சலும் தொல்லையும் மிஞ்சினாலும் சொப்பனம் வரும் என்று பிரசங்கி 5-ம் அதிகாரம் நமக்கு உணர்த்துகிறது. அப்படியானால் சொப்பனத்தில் வருகிற இனம் தெரியாத ஆட்களை எப்படி நிதானிப்பது? இந்தக் கேள்விக்கு ஜான் நியூட்டன் ஐயருடைய ஜீவியத்தைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை. உலகமெங்கும் பாடப்படுகிற அமேசிங் கிரேஸ் பாட்டை எழுதினவர் இவர்தான்.

மூன்று பேர் வந்த சொப்பனம்

ஜான் நியூட்டன் 1725-ம் வருஷம் லண்டனில் பிறந்தார். தகப்பனார் கப்பல் தலைவர். தாயார் தேவபக்தியுள்ளவர். மடியில் உட்காரவைத்து வேதவசனங்களையும் ஞானப்பாட்டுகளையும் மகனுக்குக் கற்றுக்கொடுத்தார். ஆனால் மகனுக்கு ஏழு வயது நிறைவதற்குள் அந்தத் தாயார் காசநோயினால் மரித்துப்போனார். பதினொரு வயதில் தகப்பனாரோடு கடலுக்குப் போன பையன், வாலிப வயதில் ஜெபத்தை விட்டார், மறுபடி பிடித்தார், மறுபடியும் விட்டார். நம்மில் எத்தனையோ பேருடைய கதை இதுதானே?

1743-ல், பதினெட்டு வயதில், வெனிஸ் பட்டணத்துக்குப் போன கப்பலில் சாதாரண மாலுமியாய் வேலை செய்தார். அந்தப் பயணத்தில் ஒரு ராத்திரி அவருக்கு ஒரு சொப்பனம் வந்தது.

வெனிஸ் துறைமுகம். இரவு நேரம். கப்பல் தளத்தில் தனியாய்க் காவல் நடக்கிறார். எங்கேயிருந்து வந்தாரென்று தெரியாமல் ஒருவர் வருகிறார். ஒரு மோதிரத்தைக் கொடுத்து, இதைப் பத்திரமாய்க் காத்துக்கொள்ளும் வரைக்கும் நீ நன்றாயிருப்பாய், இழந்தால் உனக்கு மிகுந்த வேதனை வரும் என்று எச்சரித்துவிட்டுப் போகிறார். இதைக் காப்பாற்ற எனக்குத் தெரியாதா என்ற நம்பிக்கையோடு நியூட்டன் வாங்கிப் போட்டுக்கொள்கிறார்.

பிறகு இரண்டாவது ஒருவன் வருகிறான். கத்தியைக் காட்டவில்லை, பயமுறுத்தவும் இல்லை. மோதிரத்தைப் பற்றி விசாரிக்கிறான். ஒரு மோதிரத்திலா இவ்வளவு இருக்கிறது என்று ஆச்சரியப்படுகிறான். நியாயம் பேசுகிறான். கடைசியில் எறிந்துவிடு என்கிறான். முதலில் திடுக்கிட்ட நியூட்டன், கொஞ்சங்கொஞ்சமாய்ச் சந்தேகப்பட்டு, தானே கழற்றித் தண்ணீரில் போட்டுவிட்டார். அந்த நிமிஷமே பட்டணத்துக்குப் பின்னாலிருந்த ஆல்ப்ஸ் மலைகளில் அக்கினி பற்றி எரிந்தது! தேவன் உனக்கு வைத்திருந்த இரக்கம் முழுவதும் அந்த மோதிரத்தில்தான் இருந்தது என்று அவன் பரியாசம்பண்ணினான். எரிகிற மலைக்குத் தான் அவனோடே போயாக வேண்டும் என்று நியூட்டனுக்குப் புரிந்தது. வாய் திறக்க வழியில்லாமல் நடுங்கி நின்றார்.

அப்போது மூன்றாவது ஒருவர் வந்தார். ஏன் கலங்குகிறாய் என்று கேட்டார். நியூட்டன் தன் குற்றத்தை மறைக்காமல் ஒத்துக்கொண்டார். அவர் மோதிரம் விழுந்த இடத்திலேயே தண்ணீருக்குள் இறங்கி, அதை எடுத்துக்கொண்டு மேலே வந்தார். மலையிலே எரிந்த நெருப்பு அணைந்தது, சோதனைக்காரன் போய்விட்டான். நியூட்டன் சந்தோஷத்தோடே கையை நீட்டினார். ஆனால் அவர் மோதிரத்தைத் திரும்பக் கொடுக்கவில்லை! உன்னால் இதைக் காக்க முடியாது, உனக்காக நானே வைத்திருப்பேன், வேண்டிய சமயத்தில் உன் சார்பாய்க் காட்டுவேன் என்று சொல்லிவிட்டார். அதோடே விழிப்பு வந்துவிட்டது.

மறந்துபோன எச்சரிப்பு

இரண்டு மூன்று நாள் அவரால் சரியாய்ச் சாப்பிட முடியவில்லை, தூங்க முடியவில்லை. அப்புறம் என்ன ஆச்சு தெரியுமா? மறந்தேபோச்சு! சொப்பனத்தைக் கண்டு அழுகிறதெல்லாம் மனந்திரும்புதல் ஆகாது, பிரியமானவர்களே. பயம் மூன்று நாளில் போய்விடும்.

1744-ல் பலவந்தமாய்ப் பிடித்துக்கொண்டு போகப்பட்டு, ஹார்விச் என்ற போர்க்கப்பலில் சேர்க்கப்பட்டார். அங்கேதான் அந்த இரண்டாவது ஆள் மாம்சமும் இரத்தமுமாய் வந்தான். அவன் கொம்பு முளைத்தவன் அல்ல. படித்தவன், இனிமையாய்ப் பேசுகிறவன், தேவன் இல்லாமலேயே வாழலாம் என்று கற்றுக்கொடுத்தவன். அவன் பேச்சைக் கேட்டு, தாயார் ஊட்டின விசுவாசத்தை நியூட்டன் தூக்கி எறிந்தார். கப்பலைவிட்டு ஓடிப்போனதற்குச் சவுக்கடி வாங்கினார். பிறகு ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையிலே ஒரு அடிமை வியாபாரியிடத்தில், கந்தையும் பட்டினியுமாய்க் கிடந்தார். மோதிரத்தைத் தொலைத்தவனுடைய நிலைமை இதுதான்.

தகப்பனார் கேட்டுக்கொண்டபடி கிரேஹவுண்ட் என்ற கப்பலின் தலைவர் அவரைக் கண்டுபிடித்து ஏற்றிக்கொண்டார். 1748 மார்ச் மாதம் அட்லாண்டிக் கடலில் பெரும் புயல் அடித்தது. நியூட்டன் மேல்தளத்துக்கு ஏறப்போன சமயம், கப்பல் தலைவர் ஒரு கத்தி எடுத்துவரச் சொன்னார். திரும்பிப் போன அந்த நொடியில், அவருக்குப் பதிலாய் மேலே போன மனிதரை அலை அடித்துக்கொண்டு போயிற்று. மணிக்கணக்காய்த் தண்ணீர் இறைத்தார். பிறகு நடுராத்திரி மட்டும் சுக்கானைப் பிடித்து நின்றார். அங்கேதான் தான் பரியாசம்பண்ணின தேவனை நினைத்தார். தேன்மெழுகும் மரமுமாகிய லேசான சரக்கு இருந்தபடியினால் கப்பல் மிதந்தது. ஏறக்குறைய நான்கு வாரம் கழித்து, உணவு தீருகிற நேரத்தில், அயர்லாந்து கரை சேர்ந்தார்கள்.

அர்த்தம் வந்த விதம்

பல வருஷங்களுக்குப் பிறகுதான் அந்தச் சொப்பனம் அவர் நினைவில் திரும்ப வந்தது. 1764-ல் தன் சாட்சியைப் புஸ்தகமாய் வெளியிட்டபோது அதன் அர்த்தத்தையும் எழுதினார். விசுவாசத்தை எறியச் செய்தவன் சத்துரு. ஆழத்தில் இறங்கி எடுத்தவர் இயேசு. மோதிரம் ராசிக்கல் மோதிரம் அல்ல, தாயத்தும் அல்ல. பாவிக்குத் தேவன் வைத்திருக்கிற இரக்கம். லூக்கா 15-ல் கெட்டுத் திரும்பின மகனுக்குத் தகப்பன் போட்ட மோதிரத்தை எனக்கு இது நினைப்பூட்டுகிறது.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். மூன்றாவது வந்தவர், மோதிரத்தை முதலில் கொடுத்தவர்தானா, வேறொருவரா? தனக்கு நிச்சயமில்லை என்றே இருபத்தோரு வருஷம் கழித்தும் நியூட்டன் எழுதினார். தெரியாததைத் தெரிந்தாற்போல் ஜோடிக்கவில்லை. இன்றைக்கு நம்முடைய ஆட்கள் மூன்று நிமிஷத்தில் எல்லாவற்றுக்கும் அர்த்தம் சொல்லிவிடுகிறார்கள்!

இன்னும் பயங்கரமான ஒரு காரியம் இருக்கிறது. ஹார்விச் கப்பலில் ஜாப் லூயிஸ் என்ற ஒழுக்கமான வாலிபர் ஒருவர் இருந்தார். அவருடைய விசுவாசத்தைக் கெடுத்தவர் யார் தெரியுமா? நியூட்டன்தான்! வருஷங்கள் கழித்து அவரை மறுபடி சந்தித்து, தன் கப்பலில் கூட்டிக்கொண்டு போய், நல்வழிக்குத் திருப்ப எவ்வளவோ பாடுபட்டார். முடியவில்லை. லூயிஸ் ஆப்பிரிக்கக் கரையிலே ஜுரத்தில் விழுந்து, நம்பிக்கையற்றவராய், நியாயத்தீர்ப்புக்குப் பயந்து மரித்தார். தன் சொப்பனத்தில் இரண்டாவது ஆளைக் கண்ட நியூட்டன், இன்னொருவன் வாழ்க்கையில் தானே அந்த இரண்டாவது ஆளாய் இருந்தார்.

நாத்தனாரைச் சந்தேகப்படுகிற சகோதரியே, பக்கத்து வீட்டுக்காரனைச் சந்தேகப்படுகிற சகோதரனே, முகம் மூடின அந்த ஆள் யார் என்று வெளியே தேடுவதற்கு முன் ஒரு நிமிஷம் நில்லுங்கள். என் பேச்சினால் யாருடைய விசுவாசம் விழுந்தது? என் நடக்கையைப் பார்த்து யார் சபைக்கு வராமல் போனார்கள்? இதைக் கேட்க நமக்குத் தைரியம் உண்டா?

காத்தவர் கைவிடவில்லை

புயலில் ஆண்டவரைத் தேடின பிறகும் நியூட்டன் ஒரே நாளில் மாறிவிடவில்லை. 1750 முதல் 1754 வரை அடிமைக் கப்பல்களின் தலைவராய் மூன்று பயணம் போனார். மனுஷரைச் சங்கிலியில் கட்டி விற்கிற தொழில்! அதை விட்டதும் மனச்சாட்சியினால் அல்ல, வியாதியினால். மோதிரத்தை அவர் கையிலேயே கொடுத்திருந்தால் எத்தனை தடவை தொலைத்திருப்பார்! ஆனால் வைத்திருந்தவர் விடவில்லை. லிவர்பூலில் துறைமுக உத்தியோகம் பார்த்தார். 1764-ல் ஓல்னி என்ற சிற்றூரில் ஊழியக்காரரானார். 1773 புத்தாண்டு ஆராதனைக்காக அந்தப் பாட்டை எழுதினார். 1780 முதல் லண்டனில் ஊழியம் செய்தார். 1788-ல் அடிமை வியாபாரத்தின் கொடுமைகளை, தன் பங்கையும் மறைக்காமல் அச்சிட்டு வெளியிட்டார். பாராளுமன்ற உறுப்பினரான வில்பர்போர்ஸ் அவரிடத்தில் ஆலோசனை கேட்டவர். பிரிட்டனில் அந்த வியாபாரத்தைத் தடைசெய்த சட்டம் 1807 மார்ச் மாதம் வந்தது. அதே வருஷம் டிசம்பர் 21-ம் தேதி நியூட்டன் கர்த்தருக்குள் நித்திரையடைந்தார்.

கடைசி நாட்களில் அவருக்குக் கண் மங்கிற்று, ஞாபகம் தப்பிற்று. அதினாலென்ன? மோதிரம் அவர் கையில் இல்லையே! அது ஆணி பாய்ந்த கரத்தில் இருந்தது. அல்லேலூயா!

ஆகையால் தேவ ஜனமே, சொப்பனம் கண்டால் முதலாவது முழங்காலிலே நில்லுங்கள். வேதத்தோடே ஒத்திட்டுப் பாருங்கள். எவ்வளவு வெண்மையான வஸ்திரம் தரித்து வந்தாலும், கிறிஸ்துவைவிட்டு விலகச் சொல்லுகிறவன் இரண்டாவது ஆள்தான். உங்கள் பாவத்தை உணர்த்தி, ஆழத்திலிருந்து தூக்கிவிடுகிறவர் மாத்திரமே ஆண்டவர். அர்த்தம் விளங்கவில்லையா? காத்திருங்கள். நியூட்டனும் வருஷக்கணக்காய்க் காத்திருந்துதான் அறிந்துகொண்டார். அதுவரை சொப்பனத்தைச் சாக்காக வைத்து யார்மேலும் குற்றம் சுமத்தாதிருங்கள். பகைத்தவர்களிடத்தில் இந்த வாரமே போய் ஒப்புரவாகுங்கள்.

அன்பின் பரலோகப் பிதாவே, எங்களால் காத்துக்கொள்ள முடியாததை நீரே எங்களுக்காகக் காத்துக்கொள்ளும். எங்களால் இடறினவர்களை மன்னித்துத் திரும்பக் கொண்டுவாரும். இயேசுவின் நாமத்தில் கேட்கிறோம், ஜீவனுள்ள பிதாவே. ஆமென்.