மாவிட்டபுரத்து வாசலை மறித்த பேராசிரியர்

செல்லப்பா சுந்தரலிங்கத்தை எங்கள் மக்கள் இரண்டு விதமாக நினைவில் வைத்திருக்கிறார்கள். தமிழருக்குத் தனிநாடு வேண்டும் என்று முதலில் கேட்டவர்களில் ஒருவர் என்பது ஒன்று. மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலை மறித்து நின்றவர் என்பது மற்றது. இரண்டையும் சேர்த்துப் பேசுபவர்கள் குறைவு. நான் சேர்த்தே பேச விரும்புகிறேன்.

1895இல் உரும்பிராயில் பிறந்தவர். ஒக்ஸ்போர்ட்டில் படித்து, கொழும்புப் பல்கலைக்கழகக் கல்லூரியில் கணிதப் பேராசிரியராக இருந்தார். சட்டமும் கற்றவர். 1947இல் வவுனியாவில் வென்று, டி.எஸ். சேனாநாயக்காவின் அமைச்சரவையில் வர்த்தக அமைச்சரானார். மலையகத் தமிழரின் குடியுரிமை பற்றிய சட்டமூலத்தில் முரண்பட்டு 1948இல் பதவியைத் துறந்தார். தனிச்சிங்களச் சட்டம் வந்தபின் ஈழம் என்று வெளிப்படையாகப் பேசினார்.

1968 ஆடித் திருவிழாக் காலம். தாழ்த்தப்பட்ட மக்கள் மாவிட்டபுரம் கோயிலுக்குள் போய்க் கும்பிட வேண்டும் என்று வாசலில் வந்து அமர்ந்தார்கள். அவர்கள் பக்கம் 1957ஆம் ஆண்டின் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் இருந்தது. சாதியைச் சொல்லி வழிபாட்டுத் தலத்தில் ஒருவரைத் தடுப்பது அச்சட்டப்படி குற்றம். உள்ளே யாரை விடுவது என்பது ஆகமமும் வழமையும் சார்ந்த விடயம், அரசின் சட்டம் அதில் தலையிடக்கூடாது என்பது சுந்தரலிங்கத்தின் நிலைப்பாடு. எழுபது வயது கடந்த அவரே முன்னின்று வழிமறித்தார். அமைதியாக இருந்தவர்கள் தாக்கப்பட்டார்கள். காங்கேசன்துறைப் பொலிஸார் அவர்மீது வழக்குத் தொடர்ந்தார்கள். நீதிமன்றம் அவரைக் குற்றவாளியாகக் கண்டது.

என்னை உறுத்துவது தண்டனை அல்ல. கொழும்பு ஆட்சியிடமிருந்து தமிழரைக் காக்க வேண்டும் என்று பேசியவர் வாசலில் நிற்க, அவரிடமிருந்து தங்களைக் காக்கும்படி தமிழர்களே அந்த ஆட்சியின் சட்டத்தையும் பொலிஸையும் நாட வேண்டியிருந்தது. தன் சனம் கதவடைத்தால் ஏழை வேறு எங்கே போவான்?

1970இல் காங்கேசன்துறையில் செல்வநாயகத்தை எதிர்த்துப் போட்டியிட்டுத் தோற்றார். 1985இல் காலமானார். பின்னால் வந்ததை அவர் காணவில்லை. 1990இல் வலிகாமம் வடக்கின் பெரும்பகுதி இடம்பெயர்ந்தது. மாவிட்டபுரம் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போனது. யாரை உள்ளே விடுவது என்று சண்டை பிடித்த இரு பகுதியாரும் முட்கம்பிக்கு வெளியே நின்றார்கள்.

எங்கள் குடும்பமும் அந்த இடப்பெயர்வில் முகாமுக்கு வந்தது. வீடும் காணியும் எல்லாருக்கும்தான் போயிருந்தது. ஆனாலும் கிணற்றடியில், நீங்கள் எந்தப் பகுதி ஆட்கள் என்று என் அம்மம்மாவிடம் கேட்டார்கள். ஊர்க் கோயிலில் வெளிவீதியோடு நின்று கும்பிட்ட அவவுக்கு அந்தக் கேள்வியின் அர்த்தம் விளங்கும். வாளியை எடுத்துக்கொண்டு பேசாமல் திரும்பி வந்தா.

இன்று கோயில்கள் திறந்திருக்கின்றன. நிர்வாகம் யாருக்கு, உபயம் யாருக்கு என்ற பிணக்குகள் பொலிஸ் நிலையம் வரை போகின்றன. எல்லாச் சாதியாரும் வடம் பிடிக்கக்கூடாது என்று இயந்திரத்தால் தேர் இழுத்த கதையும் போருக்குப் பின் எங்கள் மண்ணில்தான் நடந்தது.

சுந்தரலிங்கத்தின் அறிவையும் துணிவையும் நான் மறுக்கவில்லை. உரிமை கேட்கும் சனம் தனக்குள் மறுக்கும் உரிமையையும் கணக்கில் எடுக்க வேண்டும். கணிதம் படித்த அவர் அந்தக் கணக்கைத்தான் போடாமல் விட்டார். அது இன்னமும் எங்கள் கையில் இருக்கிறது.